அக்டோபர் மூன்று, சூரியன் மறைவதற்குள்

ஆகஸ்ட் 28, புதன்

மகள் கெசியாவை மாதப் பரிசோதனைக்குக் கூட்டிப்போனேன். ஒன்பது வயதில் வந்தது இந்தச் சர்க்கரை நோய். உடம்பில் இன்சுலின் சுரப்பதே இல்லை. வேளைக்கு வேளை ஊசி போட்டாக வேண்டும். இந்த ஏழு வருடமும் ஊசி போடும்போது நான் பக்கத்தில் நின்றிருக்கிறேன். இன்று டாக்டரம்மா, "பிளஸ் ஒன் படிக்குத பிள்ளை. இனி அவளே பாத்துக்கட்டும். நீங்க பின்னாலயே நிக்காதீங்க, எரிச்சலா இருக்கும்," என்றார். கெசியா என்னைப் பார்த்துப் புருவத்தைத் தூக்கினாள். சரி என்று சொல்லிவிட்டேன். சொன்னபடி இருக்க வேண்டும்.

செப்டம்பர் 1, ஞாயிறு

ஞாயிறு ஆராதனைக்குக் கோயிலுக்கு நானும் கெசியாவும் மட்டும் போனோம். என் கணவர் ஆசீர் ஆறு மாதமாகப் போவது புறவழிச்சாலைப் பக்கம், ஒரு கல்யாண மண்டபத்து மாடியில் நடக்கும் ஜெபவீட்டுக்கு. நடத்துகிறவர் பிரதர் ஜெயகர் என்பவர். முன்பு மருந்து விற்பனைப் பிரதிநிதியாக இருந்தவராம்.

கோயில் வாசலில் சபைப் போதகரான ஐயர் கைகொடுத்து, "சார் வரலியோ?" என்றார். "வேலைக்குப் போயிருக்காங்க," என்றேன். ஞாயிற்றுக்கிழமை மின்வாரியப் பொறியாளருக்கு என்ன வேலை என்று அவர் கேட்கவில்லை.

மதியம் தண்ணீர் மோட்டார் ஓடவில்லை. தெருவில் யார் வீட்டு மோட்டார் நின்றாலும் ஆசீரைத்தான் கூப்பிடுவார்கள். "பாருங்களேன்," என்றேன். "ஒரு மாசத்துக்குக் குடத்துல தூக்கினா போதாதா?" என்று சிரித்தார். வேடிக்கைக்குத்தான் சொன்னார் என்று நினைக்கிறேன்.

செப்டம்பர் 3, செவ்வாய்

இறையியல் கல்லூரியில் இந்தப் பருவத்துக்கு எனக்குக் கொடுத்திருப்பது, கடைசிக் காலத்தைப் பற்றிய நம்பிக்கை சபையில் எப்படி வளர்ந்து மாறியது என்ற பாடம். இன்று முதல் வகுப்பு. கிறிஸ்து திரும்பி வருவதைத் தங்கள் கண்ணாலேயே பார்ப்போம் என்று முதல் தலைமுறை நம்பியது. தெசலோனிக்கே பட்டணத்துச் சபையில் சிலர் வேலையைக்கூட விட்டுவிட்டார்கள். பிறகு ஒவ்வொருவராக இறக்கத் தொடங்கினார்கள். இறந்தவர்கள் கதி என்ன, அவர் ஏன் தாமதிக்கிறார் என்ற கேள்விகள் எழுந்தன. சபையின் பாதி இறையியல் அந்தத் தாமதத்தில் பிறந்தது என்று சொன்னேன். மாணவர்கள் எழுதிக்கொண்டார்கள்.

வகுப்புக்கான படங்களைக் கணினியில் அடுக்கித் தந்தது கெசியா. எனக்கு அது வராது.

செப்டம்பர் 8, ஞாயிறு

கெசியா அப்பாவோடு ஜெபவீட்டுக்குப் போக வேண்டும் என்றாள். தடுத்தால் ஆசை கூடும். அனுப்பினேன்.

"பிரதர் சத்தமே போடலம்மா. மெதுவாத்தான் பேசுதாங்க."

"என்ன பேசினார்?"

"புது சரீரத்தைப் பத்தி. கர்த்தர் வரும்போது நமக்கு வேற உடம்பு குடுப்பாராம். அதுல வியாதியே கிடையாதாம்."

அது முதல் நூற்றாண்டிலிருந்தே இருக்கிற நம்பிக்கைதான் என்று, அதன் யூதப் பின்னணியோடு விளக்கினேன். பொறுமையாகக் கேட்டுக்கொண்டாள்.

செப்டம்பர் 10, செவ்வாய்

இரண்டாம் வகுப்பு. கருங்கடல் கரையில், பொந்து நாட்டில் ஓர் ஆயர் கனவுகள் கண்டு, இன்னும் ஒரு வருடத்தில் நியாயத்தீர்ப்பு என்று அறிவித்தார். ஜனங்கள் வயலை உழாமல் விட்டார்கள், ஆடுமாடுகளை விற்றார்கள். வருடம் முடிந்தது. ஒன்றும் நடக்கவில்லை. சிரியாவில் இன்னோர் ஆயர் தன் சபையையே, பிள்ளைகுட்டிகளோடு, கர்த்தரைச் சந்திக்க வனாந்தரத்துக்கு நடத்திக்கொண்டு போனார். கொள்ளைக்கூட்டம் என்று நினைத்து அவர்களைக் கொல்லவே பார்த்தார்கள்.

இரவுச் சாப்பாட்டின்போது வேண்டுமென்றேதான் இதைச் சொன்னேன். ஆசீர் தட்டைவிட்டுத் தலையை நிமிர்த்தவில்லை. கெசியாதான் கேட்டாள்: "வயலை உழாம விட்டவங்கதான் உண்மையா நம்புனவங்க, இல்லியாம்மா? உழுதுக்கிட்டே நம்புதேன்னு சொன்னா அது என்ன நம்பிக்கை?"

நல்ல கேள்வி. அடுத்த வகுப்பில் மாணவர்களிடம் கேட்க வேண்டும்.

செப்டம்பர் 12, வியாழன்

வேடிக்கை இல்லை. கிறிஸ்துவின் வருகைக்கு நாள் குறித்திருக்கிறார்கள்.

கிறிஸ்துமஸுக்குத் துணி இப்போதே தைக்கக் கொடுத்தால்தான் தையற்காரர் நேரத்துக்குத் தருவார் என்றேன். ஆசீர் என் கையைப் பிடித்துக்கொண்டு, "சுகிர்தா, கிறிஸ்துமஸுக்கு நாம இங்க இருக்கப்போறதில்ல," என்றார். "அக்டோபர் மூணு. சூரியன் மறையதுக்குள்ள."

"அந்த நாள் யாருக்கும் தெரியாதுன்னு வேதத்துலயே இருக்கேங்க."

"தெரியாதவங்களுக்குத்தான் தெரியாது."

அன்று காலையிலேயே எல்லாரும் உள்ளே போய்க் கதவை அடைத்துவிடுவார்களாம், நோவா பேழைக்குள் போனதுபோல. அடைத்த கதவைத் திறந்துகொண்டு வெளியே போகிறவர்களுக்குப் பரலோகத்தில் இடம் இல்லையாம். என் கையை அவர் விடவே இல்லை. கை சில்லென்று இருந்தது.

செப்டம்பர் 13, வெள்ளி

குடத்தில்தான் தண்ணீர் தூக்குகிறேன். இடுப்பு வலிக்கிறது.

செப்டம்பர் 17, செவ்வாய்

இன்றைய பாடம், ஆப்பிரிக்கக் கரையில் ஹிப்போ நகரத்தில் இருந்த பேராயர். கிறிஸ்துவின் ஆயிர வருட அரசாட்சி என்பது இனி வரப்போகிற ஒன்றல்ல, சபையின் காலமே அதுதான் என்று அவர் வாசித்தார். அந்த வாசிப்பின் மேல்தான் மேற்கத்திய சபை ஆயிரம் வருடத்துக்கு மேல் காலூன்றி நின்றது.

வீட்டில் சண்டை. நான்தான் ஆரம்பித்தேன். ஆசீர் சொன்னது: "நீங்கள்லாம் அவர் வருகையை எடுத்து அலமாரில வச்சுப் பூட்டிட்டீங்க. சாவியும் தொலைஞ்சு போச்சு. நாங்க கதவைத் தட்டுதோம், அவ்வளவுதான்."

கெசியா நடுவில் எழுந்து போய் நிறையத் தண்ணீர் குடித்தாள். சத்தம் போட்டுப் பேசினால் அவளுக்குத் தொண்டை வறண்டுவிடும், சின்னதிலிருந்தே.

செப்டம்பர் 22, ஞாயிறு

கோயில் முடிந்ததும் கெசியாவை வீட்டில் விட்டுவிட்டு நேரே ஜெபவீட்டுக்குப் போய் ஜெயகரைப் பார்த்தேன். நான் எதிர்பார்த்த ஆள் இல்லை. ஒல்லியான உடம்பு, இஸ்திரி போட்ட பழைய சட்டை. அவரே நாற்காலியைத் துடைத்துப் போட்டார்.

"என் மகளை விட்டுருங்க," என்றேன்.

"பிள்ளை தானா வருது மேடம். வராதேன்னு சொல்ல எனக்கு என்ன அதிகாரம்?"

"இதே மாதிரி நாள் குறிச்சவங்க எத்தனை பேர்னு உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியும். ஆசீர் பிரதர் உங்க பாடத்தையெல்லாம் எங்கிட்டச் சொல்லுவாங்க." பிறகு, "நீங்களும் வாங்க மேடம். தினமும் உங்க பேரைச் சொல்லி அழுவாங்க அவங்க," என்றார்.

அந்த மண்டபத்து மின்விசிறி பயங்கரமாகச் சத்தம் போடுகிறது. எண்ணெய் விட வேண்டும். ஒரு பொறியாளர் வந்துபோகிற இடம்.

செப்டம்பர் 24, செவ்வாய்

கிறிஸ்து முதலில் யாருக்கும் தெரியாமல் வந்து தம்மவர்களை மட்டும் எடுத்துக்கொள்வார், பிறகு உபத்திரவ காலம், அதன்பிறகு எல்லாரும் காண வருவார் என்று இரண்டு கட்டமாகப் பிரித்த போதனை, அதாவது நம் ஊரில் சின்னப் பிள்ளைகூடச் சொல்லும் "இரகசிய வருகை", ஆயிரத்து எண்ணூற்று முப்பதுகளில் அயர்லாந்துப் போதகர் ஒருவரால் பரவியது. சீக்கிரமே கப்பலேறி நம் கரைக்கும் வந்தது. அதே நூற்றாண்டில் திருவிதாங்கூரில் ஒரு கூட்டம் வருடம் குறித்துக் காத்திருந்தது. அமெரிக்காவில் ஒரு பண்ணைக்காரர் கணக்குப் போட்டுச் சொன்னதை ஆயிரக்கணக்கானவர்கள் நம்பி, சிலர் விளைந்த உருளைக்கிழங்கை மண்ணிலேயே விட்டுவிட்டார்கள்.

ஆசீருக்கு இது உறைக்கும் என்று நினைத்தேன். "இருநூறு வருஷம்கூட ஆகல, பாத்தீங்களா," என்றேன். "புதுசா வந்ததெல்லாம் பொய்யா? கரன்டும் புதுசுதான்," என்றார்.

கெசியா உருளைக்கிழங்குப் படத்தைத் தேடி எடுத்துக் கொடுத்துவிட்டு, "தோண்டி எடுத்திருந்தா அவங்க தோத்துருப்பாங்க," என்று தனக்குள் சொல்லிக்கொண்டாள். தோண்டாததால்தான் தோற்றார்கள் என்று திருத்தினேன்.

செப்டம்பர் 27, வெள்ளி

காலாண்டுத் தேர்வு முடிந்தது. பள்ளிப் பாவாடை இடுப்பில் நிற்காமல் ஊக்கு குத்தியிருக்கிறாள். பரீட்சை என்றால் இந்தப் பிள்ளை சாப்பிடுவதே இல்லை. "சுகர் எவ்வளவு?" என்று கேட்டேன். "நூத்தி முப்பதும்மா." நல்லது.

ஆசீர் விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டார். வீட்டில் அவர் இருக்கும்போது எனக்கு மூச்சு முட்டுகிறது. அவர் என்ன செய்வாரோ என்று பார்த்துக்கொண்டே இருக்கிறேன். அலமாரியைத் திறந்தால் பார்க்கிறேன், போனில் பேசினால் கேட்கிறேன்.

செப்டம்பர் 29, ஞாயிறு

கெசியா அறையை ஒழித்துச் சுத்தம் செய்தாள். சொல்லாமலே செய்ததில் எனக்குச் சந்தோஷம். பூப்பந்து மட்டையையும் வண்ணப் பெட்டியையும் எதிர்வீட்டுப் பெண்ணுக்குக் கொடுத்துவிட்டாள். "பிளஸ் ஒன்ல இதுக்கெல்லாம் நேரமில்லம்மா." பொறுப்பு வந்திருக்கிறது.

அக்டோபர் 1, செவ்வாய்

வகுப்பு இல்லை, நாளை மறுநாளுக்கு மாற்றிவிட்டார்கள்.

கெசியா மதியமும் படுத்தே இருந்தாள். வயிற்றைப் புரட்டுகிறதாம். கஞ்சி வைத்துக் கொடுத்தேன். "ஊசி போட்டியா?" "ம்." நான் பின்னால் போய் நிற்கவில்லை.

அக்டோபர் 2, புதன்

ஆசீரிடம் வாக்கு வாங்கிவிட்டேன். அவர் போகட்டும். கெசியா வீட்டில் இருப்பாள். "அவ உங்களுக்கு மட்டும் பிள்ளை இல்ல," என்றேன். தரையைப் பார்த்தபடி தலையாட்டினார்.

அக்டோபர் 3, வியாழன்

கல்லூரிக்குப் புறப்படுகிறேன். ஆசீர் வெள்ளைச் சட்டை போட்டிருக்கிறார். கெசியா தூங்குகிறாள். போய்வருகிறேன் என்று அவரிடம் சொன்னேன். என் தலையில் கைவைத்தார்.

அக்டோபர் 4, வெள்ளி

மருத்துவமனை. தீவிர சிகிச்சைப் பிரிவுக்கு வெளியே உட்கார்ந்து எழுதுகிறேன். கெசியா பிழைத்துவிட்டாள் என்று காலையில் டாக்டர் சொன்னார். அதை முதலில் எழுதிவிடுகிறேன்.

நேற்று மதிய வகுப்பு முடிந்து போனை எடுத்தபோது ஆசீரிடமிருந்து வரிசையாக அழைப்புகள். திரும்பக் கூப்பிட்டேன். "ஆஸ்பத்திரிக்கு வா," என்று மட்டும் சொன்னார். ஆட்டோவில் வரும் வழியெல்லாம், இவர் அவளை என்ன செய்தார், என்ன செய்தார் என்று கேட்டுக்கொண்டே வந்தேன்.

நான் வரும்போது அவளுக்கு இரண்டு கையிலும் குழாய். மூச்சு ஆழமாக, இழுத்து இழுத்து, ஓடிவந்தவளைப்போல வந்துகொண்டிருந்தது. வாயருகே குனிந்தேன். அழுகிய பழ வாசனை. அந்த வாசனை என்னவென்று ஏழு வருடமாக எனக்குத் தெரியும். பயிற்சி டாக்டர் ஒரு பெண், சின்னப் பெண், என்னைப் பார்த்துக் கேட்டாள்: "மூணு நாலு நாளா இன்சுலினே போடலியாம். அதுக்கு முன்னாடி பல வாரமா பாதி பாதிதான் போட்டிருக்காளாம். வீட்ல யாரும் பாக்கலியா?"

வராந்தாவில் ஆசீரைச் சட்டையைப் பிடித்து உலுக்கினேன். "நீங்கதான சொன்னீங்க அவகிட்ட? ஊசி வேண்டாம்னு நீங்கதான சொன்னீங்க?"

"எனக்குத் தெரியாது சுகிர்தா. சத்தியமா தெரியாது."

அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்.

நான் போனதும் கெசியா எழுந்து வெள்ளை உடுப்புப் போட்டுக்கொண்டு வந்து நின்றிருக்கிறாள். "என்னை மட்டும் விட்டுட்டுப் போவீங்களாப்பா?" என்று கேட்டிருக்கிறாள். எனக்குக் கொடுத்த வாக்கை அவரால் காப்பாற்ற முடியவில்லை. ஜெபவீட்டில் எல்லாரும் உள்ளே வந்ததும் கதவை அடைத்துத் தாழ் போட்டார்கள். பாடினார்கள். மதியத்துக்குமேல் கெசியா வாந்தி எடுத்தாள். மூச்சு இழுக்கத் தொடங்கியது. மடியில் போட்டுக்கொண்டு என்னவென்று கேட்டதற்கு, "ஊசியை நிப்பாட்டிட்டேம்ப்பா. இன்னைக்குப் புது உடம்பு வரும்ல," என்று சிரித்திருக்கிறாள்.

அவளைத் தூக்கிக்கொண்டு எழுந்திருக்கிறார். ஜெயகர் கதவுக்கு முன்னால் வந்து நின்றாராம். தடுப்பதற்கு அல்ல, கெஞ்சுவதற்கு. அழுதுகொண்டே, "இன்னும் கொஞ்ச நேரம்தான் பிரதர். சூரியன் சாயப்போகுது. பிள்ளைக்காகத்தான் சொல்லுதேன். வெளிய போனா ரெண்டு பேருக்கும் இடம் இல்லாமப் போயிரும்," என்றாராம். பின்னால் நின்ற பெண்கள் எல்லாம் "போகாதீங்க, போகாதீங்க" என்று அழுதார்களாம்.

ஆசீர் ஒரு கையால் தாழை நீக்கியிருக்கிறார்.

"நீங்க அப்போ நம்பலியா?" என்று கேட்டேன்.

"நம்புனேன்," என்றார். "இப்பவும் நம்புதேன்."

வராந்தாவில் மேற்குப் பார்த்த ஜன்னல் ஒன்று இருக்கிறது. அவர் அங்கே போய் நின்றார். கொஞ்ச நேரம் கழித்து நானும் போனேன். மழை வருமா என்று பார்க்கத்தான் போனேன். வானம் மஞ்சளாகி, சிவந்து, பிறகு சாம்பல் நிறமானது. கீழே ஒருவர் இளநீர் வண்டியைத் தள்ளிக்கொண்டு போனார்.

"தெருவிளக்குப் போட்டுட்டாங்க," என்றார் ஆசீர்.

பிறகு போனை எடுத்து ஒவ்வொருவராகக் கூப்பிட ஆரம்பித்தார். ஜெயகர், அவர் மனைவி, ஜெபவீட்டில் கூட உட்காருகிற மின்வாரியக்காரர் ஒருவர். எல்லாப் போனும் அணைத்து வைக்கப்பட்டிருந்தது. அவர் முகம் வெளுத்துவிட்டது. "எல்லாரும் போயிட்டாங்க சுகிர்தா," என்றார். நான் இருபது வருடமாகச் சபை வரலாறு கற்பிக்கிறவள். அந்த வராந்தாவில் நின்றுகொண்டு, அந்தப் போன்களில் ஏதாவது ஒன்று அடிக்க வேண்டுமே என்று காத்திருந்தேன்.

ஆசீரின் போன்தான் அடித்தது. ஜெயகர். எனக்கும் கேட்டது. "பிரதர், பிள்ளை எப்படி இருக்கு?"

ஆசீர் போனை ஜன்னல் திண்டில் வைத்துவிட்டு வாய்விட்டு அழுதார். சந்தோஷமா, வருத்தமா என்று எனக்குத் தெரியவில்லை. கேட்கவும் இல்லை.

அக்டோபர் 5, சனி

கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தாள். பிறகு கூரையைப் பார்த்தாள். "இங்கதான் இருக்கோமா?" என்றாள். முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டாள்.

அக்டோபர் 6, ஞாயிறு

ஜெயகர் தனியாக வந்தார். சவரம் செய்யாத முகம். ஆசீர் மருந்து வாங்கக் கீழே போயிருந்தார். கெசியாவைப் பார்க்க வேண்டும் என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தால் விட்டிருக்க மாட்டேன். வராந்தா பெஞ்சில் ஒரு ஓரமாக உட்கார்ந்தார்.

"பாதிப் பேர், ஆசீர் பிரதர் கதவைத் திறந்ததாலதான் அவர் வரலன்னு சொல்லுதாங்க," என்றார். "நான் அப்படிச் சொல்லல மேடம்."

"மீதிப் பேர் வேற நாள் கேக்குதாங்க. கணக்குல எங்கயோ தப்பு இருக்கும், மறுபடி பாருங்க பிரதர்ங்கிறாங்க." கொஞ்சம் தயங்கினார். "உங்க பாடத்துல இருக்கவங்கள்லாம்... அப்புறம் என்ன செஞ்சாங்க?"

அவரைத் திட்டுவதற்கு மூன்று நாளாக வார்த்தை சேர்த்து வைத்திருந்தேன். ஆனால் அவர் உண்மையாகவே கேட்டார். என் மாணவர்கள்கூட இப்படிக் கேட்டதில்லை. "சிலர் புது நாள் குறிச்சாங்க. சிலர், அவர் வந்துட்டார், நம்ம கண்ணுக்குத்தான் தெரியலன்னாங்க. யார் மேலயாவது பழியைப் போட்டவங்களும் உண்டு," என்றேன்.

"வேற யாரும் இல்லியா?"

"இருந்தாங்க. திரும்பப் போயி வயலை உழுதாங்க. அவங்களைப் பத்தி யாரும் அதிகமா எழுதி வைக்கல."

தலையாட்டிக்கொண்டே இருந்தார். எழுந்து போகும்போது, "ஞாயித்துக்கிழமை இல்லியா, எல்லாரும் வந்து உக்காந்திருப்பாங்க. நான் தப்பாச் சொல்லிட்டேன்னு சொல்லணும்," என்றார். சொன்னாரா என்று தெரியாது.

அக்டோபர் 9, புதன்

வீட்டுக்கு வந்துவிட்டோம். கல்லூரியில் விடுப்பு நீட்டித்திருக்கிறேன். ஆசீர் யாரோடும் பேசுவதில்லை. கோயிலுக்கும் இல்லை, ஜெபவீட்டுக்கும் இல்லை. சாப்பிடக் கூப்பிட்டால் வருகிறார்.

கெசியா ஊசி போட்டுக்கொள்கிறாள், நான் எடுத்துக் கொடுத்தால். கொடுக்காவிட்டால் கேட்பதில்லை.

அக்டோபர் 12, சனி

காலையில் சாம்பார் வைத்துக்கொண்டிருந்தேன். கெசியா சமையலறை வாசலில் வந்து நின்றாள்.

"அம்மா, அவர் வருவாருன்னு நீ நம்புதியா?"

"முதல் நூற்றாண்டுல..." என்று தொடங்கினேன்.

"பாடம் வேண்டாம்மா. நீ நம்புதியா?"

இத்தனை வருடத்தில் அவள் என்னிடம் இதைக் கேட்டதில்லை. நானும் சொன்னதில்லை. கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தேன்.

"நம்புதேன்," என்றேன். "எப்போன்னு தெரியாது. என் காலத்துல இருக்காதுன்னு நினைக்கேன். ஆனா நம்புதேன்."

"அப்போ நீ ஏன் எல்லாரையும் பாத்துச் சிரிச்ச?"

சிரிக்கவில்லை என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லவில்லை. அவள் கூடத்துக்குப் போய்விட்டாள். ஆசீர் அங்கே ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார். அவள் அவர் காலடியில் தரையில் உட்காருவது இங்கிருந்தே தெரிந்தது.

"அப்பா, வெளிய போனா இடம் இல்லன்னு உங்களுக்குத் தெரியும்ல?"

"தெரியும்."

"பயமா இல்லியா?"

"இருந்துச்சு. படியில இறங்கும்போது உன்னைப் போட்டுருவேனோன்னு நினைச்சேன்."

"அப்புறம் ஏம்ப்பா வந்தீங்க?"

ஆசீர் ஜன்னலைவிட்டு அவள் பக்கம் திரும்பினார்.

"உன்னை அந்தத் தரையில போட்டுட்டு நான் மட்டும் மேல போயி, அவரு முகத்தை எப்படிப் பாப்பேன்?" என்றார்.

கெசியா அவர் முழங்காலில் தலையைச் சாய்த்துக்கொண்டாள். கொஞ்ச நேரம் கழித்து, "பசிக்குதுப்பா. ஊசியை எடுத்துத் தாங்க," என்றாள்.

நான் அடுப்பை அணைத்துவிட்டுப் போய் அவர்கள் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தேன்.